தோமோனோவுரா ஒரு நாள் பயணம்: தனி வண்டித் திட்டம் இடிக்கிறது, எங்கே தவறு?

பயணப்பை:

வணக்கம். இந்த வருடம் தீபாவளி முடிந்த செவ்வாய்க்கிழமை, ஹிரோஷிமாவிலிருந்து தோமோனோவுரா (சுருக்கமாக தோமோ) என்ற பழைய துறைமுக ஊருக்குப் போய் அன்றே திரும்ப வேண்டும். நான், மனைவி, 8 வயது மகன், அப்பா, அம்மா என ஐந்து பேர். அம்மாவுக்கு முழங்கால் வலி, மெதுவாகத்தான் படி ஏறுவார். எல்லோரும் சைவம், முட்டையும் கிடையாது. ஐந்து நாள் கன்சாய்–ஹிரோஷிமா ரயில் பாஸ் கையில் இருக்கிறது.

போட்டு வைத்த திட்டம்: காலை 8.00 விடுதி வாசலிலிருந்து தனி வேன். 10.15 துறைமுகக் கல் படிகள், கல் விளக்குத் தூண். 11.30 படகில் சென்சுய்ஜிமா தீவு. 1.00 சாப்பாடு. 2.00 இயோஜி கோயிலின் மேல் மண்டபம். 3.00 ஓத்தா மாளிகை. 3.45 கப்பலில் ஓனோமிச்சி. அங்கே வேன் வந்து ஏற்றிக்கொண்டு 7.00 மணிக்கு ஹிரோஷிமா.

சிக்கல்கள்: வண்டிக்காரர்கள் 10 மணி நேரத்துக்குப் பணம் கேட்கிறார்கள், ஆனால் ஊரில் நிற்பது ஐந்து மணி நேரம்தான் என்கிறார்கள். ஊருக்குள் வண்டி வராதாம். இன்னொருவர் பாதி விலைக்கு வருவதாகக் குறுஞ்செய்தி அனுப்புகிறார். துறைமுகப் படங்களைப் பார்த்தால் ஒன்றில் படிகள் கடலுக்குள் நீளமாக இறங்குகின்றன, இன்னொன்றில் மேல் விளிம்பு வரை தண்ணீர். நாங்கள் போகும்போது எது இருக்கும்? சாப்பாட்டுக்கு என்ன செய்வது?

ரயிலடி:

வண்டிக் கணக்கில் ஏமாற்று இல்லை. ஜப்பானில் ஓட்டுநருடன் வாடகை வண்டி எடுத்தால் கொட்டகையை விட்டுக் கிளம்பிய நேரம் முதல் திரும்ப அடையும் நேரம் வரை கட்டணம் ஓடும். ஹிரோஷிமாவிலிருந்து தோமோ 100 கிலோமீட்டருக்கு மேல். விரைவுச் சாலையை விட்டு இறங்கியதும் ஃபுகுயாமா நகர நெரிசல், அதன் பிறகு கடலோரச் சாலை. போக வர நாலு மணி நேரம், கொட்டகைப் போக்குவரத்து ஒரு மணி நேரம். மீதிதான் உங்களுக்கு.

பாஸ் கையில் இருக்கும்போது இந்தத் தூரத்தை வேனில் போவது வீண். ஷின்கான்சென் அதிவேக ரயிலில் ஃபுகுயாமா அரை மணி நேரத்துக்குள். அங்கிருந்து தோமோ 14 கிலோமீட்டர். தனி வண்டி வேண்டுமென்றால் அதை ஃபுகுயாமாவிலிருந்து எடுங்கள். நாலு பெரியவர், ஒரு சிறுவன் என்பதால் சாதாரண டாக்ஸியில் இடம் போதாது. ஓட்டுநரையும் சேர்த்து ஐந்து பேர்தான் கணக்கு. 12 வயதுக்குட்பட்ட மூன்று பிள்ளைகளை இரண்டு பெரியவராக எண்ணும் விதி உண்டு, அதை வைத்துப் பார்த்தாலும் நீங்கள் கூடுதல். 'ஜம்போ டாக்ஸி' (வேன் அளவு டாக்ஸி) என்று கேட்டு முன்பதிவு செய்யுங்கள்.

பாதி விலைக்காரரை விட்டுவிடுங்கள். பயணிகளை ஏற்றிக் கட்டணம் வாங்க அனுமதி பெற்ற வண்டிக்குப் பச்சை எண் பலகை, வெள்ளை எழுத்து. அனுமதி இல்லாமல் வெள்ளைப் பலகையோடு சொந்தக் காரை ஓட்டிப் பணம் வாங்குவதை 'ஷிரோதாகு' என்பார்கள், சட்டவிரோதம். விபத்து நடந்தால் காப்பீடு கைகொடுக்காமல் போகலாம். முன்பணம் தருமுன் எண் பலகை தெரியும்படி வண்டிப் படம் கேளுங்கள். தயங்கினால் அங்கேயே நிறுத்திவிடலாம்.

ஊருக்குள் வண்டி வராது என்பதும் சரியான பேச்சுதான். எடோ காலத்துச் (1603–1868) சந்துகள், இரண்டு கார் எதிரெதிரே வந்தால் ஒன்று பின்வாங்க வேண்டும். 1983-இல் துறைமுகத்தின் ஒரு பகுதியை மண்ணிட்டு மூடிப் பாலம் கட்டத் திட்டம் போட்டதே இந்த நெரிசலைக் காட்டித்தான். ஊர் மக்கள் வழக்குத் தொடர்ந்தார்கள். 2009-இல் ஹிரோஷிமா மாவட்ட நீதிமன்றம் அவர்கள் பக்கம் தீர்ப்புச் சொன்னது, 2016-இல் மாகாண அரசு திட்டத்தைக் கைவிட்டது. அந்தத் துறைமுகம் முழுசாக மிஞ்சியதால்தான் நீங்கள் பார்க்கப் போகிறீர்கள். ஊர் முகப்பில், படகுத்துறைப் பக்கம் இறங்கி நடங்கள்.

தென்றல்7:

ஒரு எச்சரிக்கை. அந்த பாஸில் நொசோமி என்ற வேக ஷின்கான்சென்னில் ஏற முடியாது. எல்லா நிலையத்திலும் நிற்கும் கொதாமா மட்டும்தான், அது 45 நிமிடம் எடுக்கும்.

ரயிலடி:

இல்லை நண்பரே, நாடு முழுவதற்குமான பாஸோடு இது குழம்பிப் போகிறது. அதில்தான் நொசோமிக்குத் தனிக் கட்டணம். கன்சாய்–ஹிரோஷிமா பாஸில் ஷின்ஓசாகா முதல் ஹிரோஷிமா வரை நொசோமி, மிசுஹோ உட்பட எதிலும் ஏறலாம். ஷின்ஓசாகாவைத் தாண்டி கியோட்டோ பக்கம் ஷின்கான்சென்னில் போனால்தான் செல்லாது. ஆனால் எல்லா நொசோமியும் ஃபுகுயாமாவில் நிற்பதில்லை. ஏறுமுன் நிறுத்தங்களைப் பாருங்கள், இல்லாவிட்டால் ஒகாயாமாவில்தான் இறங்குவீர்கள்.

நீரோட்டம்:

வண்டியை விடப் பெரிய தவறு ஒன்று திட்டத்தில் இருக்கிறது. துறைமுகத்தைக் காலை 10.15-க்கு வைத்திருக்கிறீர்கள். அன்று அந்த நேரத்தில் படிகள் தண்ணீருக்குள் இருக்கும்.

நீங்கள் போவது தீபாவளிக்கு இரண்டு நாள் கழித்து, அதாவது அமாவாசையை ஒட்டி. அப்போது ஓதம் (கடல்நீர் ஏறி இறங்குவது) மிகப் பெரிதாக இருக்கும். செத்தோ உள்கடலின் இந்த நடுப்பகுதியில் ஏற்றத்துக்கும் இறக்கத்துக்கும் இடையே 3 மீட்டருக்கு மேல் வித்தியாசம் வரும். இங்கே அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிய நாட்களில் பொதுவாக நண்பகலுக்குச் சற்று முன்பின் ஏற்றம், பொழுது சாயும் நேரத்தில் இறக்கம். நீங்கள் பார்த்த இரண்டு படங்களும் உண்மைதான். ஒன்று நண்பகலில் எடுத்தது மாதிரி, மற்றது மாலை மாதிரி. அன்றைய சரியான நேரத்துக்கு ஜப்பான் வானிலை முகமை வெளியிடும் ஓத அட்டவணையைப் பாருங்கள். ஒவ்வொரு நாளும் நேரம் ஏறக்குறைய 50 நிமிடம் தள்ளிப் போகும்.

இந்த ஊரை ஓதத்தை விட்டுவிட்டுப் பார்த்தால் பாதிதான் விளங்கும். ஏற்றத்தின்போது மேற்கே பூங்கோ நீரிணை வழியாகவும் கிழக்கே கீ நீரிணை வழியாகவும் நுழையும் நீர் தோமோவுக்கு அருகே வந்து சந்திக்கிறது. இறங்கும்போது இரண்டு பக்கமும் பிரிந்து போகிறது. பாய்க்கப்பல்கள் ஏற்றத்தோடு தோமோவுக்குள் வரும், இறக்கத்துக்காகக் காத்திருந்து அதே நீரோட்டத்தோடு மறுபக்கம் போகும். கப்பல் காத்திருந்ததால் சத்திரம், சரக்கறை, மதுவடிப்பு எல்லாம் வளர்ந்தன. நீர்மட்டம் எங்கே இருந்தாலும் சரக்கு இறக்க வேண்டும், அதற்குத்தான் அந்தப் படிகள். 'காங்கி' என்று பெயர். கப்பலின் அடிப்பலகையைத் துளைக்கும் புழுவைக் கொல்ல, ஏற்றத்தில் கப்பலைக் கல்தரைக்குக் கொண்டுவந்து, நீர் வற்றியதும் அடியில் தீமூட்டிப் புகை போடுவார்கள். அந்த இடம் 'தாதெபா'. அலைதடுப்புச் சுவர், காவல் கூடம், விளக்குத் தூண் என எடோ காலத் துறைமுகத்தின் ஐந்து உறுப்புகளும் ஒரே இடத்தில் மிஞ்சியிருப்பது இங்கேதான் என்பார்கள். 'ஜோயாதோ' விளக்குத் தூண் 1859-இல் கட்டியது. தரைக்கு மேல் தெரிவது ஐந்தரை மீட்டர். நீர் வற்றினால்தான் கடலுக்குள் இருக்கும் அதன் கல் அடித்தளம் முழுதாகத் தெரியும்.

ஆகவே துறைமுகத்தைக் கடைசிக்குத் தள்ளுங்கள். மாலை 3.30 முதல் 5.00 வரை. நவம்பர் நடுவில் அங்கே 5 மணியை ஒட்டிச் சூரியன் மறைந்துவிடும், அதற்குப் பின் சந்துகளில் வெளிச்சம் குறைவு. நீர் வற்றிய கீழ்ப்படிகளில் பாசி பிடித்திருக்கும், வழுக்கும். அம்மாவும் பையனும் மேலிருந்து பார்த்தால் போதும்.

நீரோட்டம்:

இன்னும் சில, மேலே விட்டுப்போனவை.

செவ்வாய்க்கிழமை ஓத்தா மாளிகை மூடியிருக்கும். 1659-இல் தொடங்கிய 'ஹோமெய்ஷு' என்ற மூலிகை மதுவை வடித்த நாகாமுரா குடும்பத்தின் வீடு அது, ஊரின் செல்வம் எப்படி இருந்தது என்று காட்டுவது. விடக்கூடாது. திங்களில் வரலாற்று அருங்காட்சியகம் மூடல். எனவே புதன் நல்லது. அன்றும் ஓதம் பெரிதுதான், இறக்கம் சற்றுத் தாமதமாகும், ஆனால் 4 மணிக்குள் நிறையப் படிகள் வெளியே வந்திருக்கும்.

ஓனோமிச்சி கப்பல் சனி, ஞாயிறு, விடுமுறை நாட்களில் மட்டும். செவ்வாயும் இல்லை, புதனும் இல்லை. ஓனோமிச்சியை இன்னொரு நாளுக்கு வையுங்கள்.

இயோஜியின் மேல் மண்டபத்துக்கு 583 படிகள். அம்மாவுக்கு வேண்டாம். அதற்குப் பதில் ஃபுகுசென்ஜி கோயிலின் தாய்ச்சோரோ மண்டபம். இதை எப்படி விட்டீர்கள்? படகுத்துறைக்கு அருகே, சிறு ஏற்றம்தான். 1711-இல் வந்த கொரியத் தூதுக்குழுவின் யி பாங்கொன் ஜப்பானிலேயே முதன்மையான காட்சி என்று எழுதிக் கொடுத்த இடம். 1748-இல் வந்த குழு மண்டபத்துக்குப் பெயர் வைத்தது. தாதாமிப் பாயில் உட்கார்ந்தால்தான் தூண்களுக்கு நடுவே பெந்தென் தீவும் சென்சுய்ஜிமாவும் சட்டமிட்ட படம்போல் நிற்கும். காலணி கழற்ற வேண்டும், எளிதில் கழற்றி மாட்டும் செருப்பு போடுங்கள். அம்மா காலை நீட்டி உட்காரட்டும், பாதத்தைக் காட்சிப் பக்கம் வைப்பதில் தவறில்லை. மண்டபம் கிழக்கு பார்த்தது. காலையில் வெயில் எதிரே வந்து தீவுகள் கறுத்துத் தெரியும். மதியம் 2 மணிக்குப் பிறகு வெயில் பின்னாலிருந்து விழுவதால் நிறம் தெளியும்.

கட்டுச்சோறு:

சாப்பாட்டைப் பற்றி நான் சொல்கிறேன். தோமோவின் பெருமை 'தாய்' என்ற கடல் மீன். மீன்சோறு, மீன் வறுவல், மீன் சூப் என்று எங்கும் அதுதான். காய்கறி உடோன் (நூடுல்ஸ்) என்று கேட்டாலும் சாறு கத்சுவோ மீனில் கொதித்தது. மேலே மீன் தெரியாததால் பலரும் ஏமாறுவது இதில்தான். பேசிப் புரியவைக்க முயலாதீர்கள். 'இறைச்சி, மீன், முட்டை, கத்சுவோ சாறு எதுவும் கூடாது' என்று ஜப்பானிய எழுத்தில் அட்டை வைத்துக் காட்டுங்கள். இல்லை என்று அவர்கள் சொன்னால் உண்மையாகவே இல்லை. வற்புறுத்த வேண்டாம்.

கட்டிக்கொண்டு போவதுதான் நிம்மதி. ஊரிலிருந்து புளிக்காய்ச்சல் ஒரு பாட்டில், பெட்டியில் வைக்கும் பையில். பச்சைக் கறிவேப்பிலை கொண்டுவரக் கூடாது, தாவரச் சோதனையில் எடுத்துவிடுவார்கள். புளிக்காய்ச்சலில் வெந்தது பரவாயில்லை. ஜப்பான் கடைகளில் 200 கிராம் வெந்த சோறு டப்பாவில் கிடைக்கும். ஓரத்தைக் கொஞ்சம் கிழித்து மைக்ரோவேவில் 2 நிமிடம். ஐந்து பேருக்கு 6 டப்பா போதும். சூடாக இருக்கும்போதே கலந்துவிடுங்கள். ஆறினால் அந்தச் சோறு கட்டியாகிவிடும், புளி ஏறாது.

அது முடியாவிட்டால் கன்வீனியன்ஸ் கடையில் உப்பு ஓனிகிரி (சோற்று உருண்டை). உமெபோஷி (பிளம் ஊறுகாய்), கொம்பு (கடற்பாசி) வைத்ததிலும் கத்சுவோ சாறு சேர்ப்பதுண்டு, கைபேசிக் கேமராவில் சேர்மானத்தை மொழிபெயர்த்துப் பாருங்கள். குளிர்பெட்டியில் வைத்தால் சோறு கல்லாகும். தீவில் கடற்கரையில் சாப்பிட்டால் தலைக்கு மேல் பருந்து பாருங்கள், கையிலிருந்தே பறித்துக்கொண்டு போகும். சுவரையோ மரத்தையோ முதுகுக்கு வைத்து உட்காருங்கள். குப்பைத்தொட்டி அநேகமாக இருக்காது, ஒரு பை வேண்டும்.

ஹோமெய்ஷு கடைகளில் சுவைக்கச் சிறு கிண்ணத்தில் தருவார்கள். இனிப்பாக, மருந்து வாசனையோடு இருக்கும், ஆனால் 14 சதவீதம் வரை சாராயம். பையனுக்குக் கூடாது, 20 வயதுக்குக் கீழ் சட்டப்படியே தடை. வண்டி ஓட்டுபவர் ஒரு சொட்டும் தொடக்கூடாது.

பயணப்பை:

ரொம்ப நன்றி. புதனுக்கு மாற்றிவிட்டேன். ஜம்போ டாக்ஸி முழுநாள் தேவையா, பேருந்து போதுமா? புதிய வரிசை: ஷின்கான்சென்னில் 9.30 ஃபுகுயாமா, 10.30 தோமோ, உடனே தீவு, அங்கே சாப்பாடு, 1.00 ஓத்தா மாளிகை, 2.15 ஃபுகுசென்ஜி, 3.30 துறைமுகம்.

ரயிலடி:

போகும்போது பேருந்து போதும். ஃபுகுயாமா நிலையத் தெற்கு வாசல், தோமோதெத்சு பேருந்து, அரை மணி நேரம். பாஸ் இதில் செல்லாது. ஏறும்போது எண்சீட்டு எடுக்க வேண்டும். இறங்கும்போது முன்னால் பலகையில் அந்த எண்ணுக்கு நேரே இருக்கும் தொகையைச் சீட்டோடு சேர்த்துப் பெட்டியில் போட வேண்டும். பெட்டி மீதி தராது. 1,000 யென் தாளைச் சில்லறையாக்கும் இயந்திரம் ஓட்டுநர் அருகே இருக்கும், வண்டி நிற்கும்போது மாற்றுங்கள். 5,000, 10,000 தாளை நிலையத்திலேயே உடைத்துவிடுங்கள். 'தோமோனோவுரா' நிறுத்தத்தில் இறங்குங்கள், தீவுப் படகுத்துறை அருகில்.

திரும்பும்போது மட்டும் டாக்ஸி, 5.10-க்கு வரச் சொல்லி முந்தின நாளே பதிவு செய்யுங்கள். அந்த ஊர்ச் சந்துகளில் கை காட்டி டாக்ஸி பிடிக்க முடியாது. ஏறும் இடத்தை 'துறைமுகம்' என்று சொல்லாதீர்கள், ஜோயாதோ அருகே பெரிய வண்டி நிற்க வழியில்லை. கடைசி நிறுத்தமான 'தோமோகோ' என்று சொல்லுங்கள். பெட்டிகளைக் காலையிலேயே ஃபுகுயாமா நிலைய லாக்கரில் போட்டுவிடுங்கள்.

நீரோட்டம்:

வரிசை சரி. தீவுப் படகு 5 நிமிடம், பகலில் சுமார் 20 நிமிடத்துக்கு ஒன்று, போகவர ஒரே சீட்டு தோமோ பக்கமே வாங்குவது. ஒரே ஒரு திருத்தம்: தீவில் ஐந்து நிறப் பாறைக்குப் போகும் கடலோரப் பாதை அலைக்கு நேர் மேலே ஓடும். நீங்கள் நிற்பது ஏற்றம் உச்சத்தில் இருக்கும் நேரம். காற்று இருந்தால் பாதை நனையும். கரை மணலோடு நிறுத்திக்கொண்டு 12.30 படகில் திரும்புங்கள்.