ஆத்தாவின் பெயரில் ஒரு மனு

குழு: மேலவீதி வளவு (எங்கள் குடும்பக் குழு)

ஆச்சி (என் அக்கா), காலை 6:42
அனைவருக்கும் வணக்கம். ஆத்தா நேற்று இரவும் சரியாகச் சாப்பிடவில்லை. மதுரைக்குப் போய்த் தம்பியை ஒருமுறை கண்ணால் பார்த்தால்தான் சோறு இறங்கும் என்கிறார்கள். சிறையில் மனுப் போட்டுப் பார்ப்பதற்கு என்ன செய்ய வேண்டும் என்பதை விவரம் தெரிந்தவர்கள் எழுதி அனுப்புங்கள். குரல் பதிவு வேண்டாம். ஆத்தாவுக்குக் காது மந்தம் என்பதால் நான்தான் பக்கத்தில் உட்கார்ந்து வரி வரியாகச் சொல்ல வேண்டியிருக்கிறது.

கோனாபட்டு அம்மான் (தாய்மாமன்), காலை 7:05
அக்காவின் மனம் எனக்குத் தெரியாமல் இல்லை. ஆனாலும் நம் வீட்டுப் பெண்கள் சிறை வாசலில் வரிசையில் நிற்பதும், நம் குடும்பத்துப் பெயர் அந்தப் பதிவேட்டில் ஏறுவதும் எனக்குச் சம்மதமாகப் படவில்லை. எனக்குத் தெரிந்த பெரிய மனிதர் ஒருவர் இருக்கிறார். அவர் ஒரு வார்த்தை சொன்னால் மனு, வரிசை எதுவும் இல்லாமல் அலுவலக அறையிலேயே உட்கார வைத்துப் பார்க்க ஏற்பாடு செய்துவிடலாம். இரண்டு நாள் பொறுங்கள்.

தேவகோட்டை அத்தான், காலை 7:31
அம்மான் அவர்களுக்கு வணக்கம். தாங்கள் சொல்வதை மறுப்பதற்கு மன்னிக்க வேண்டும். வழக்கறிஞர் குமாஸ்தாவாக நீதிமன்றத்துக்கும் சிறைக்கும் அலைந்தே காலம் கழித்தவன் என்ற உரிமையில் சொல்கிறேன். இதற்குச் சிபாரிசு தேவையே இல்லை. மைத்துனர் இன்று விசாரணைக் கைதிதானே தவிர, தண்டனை பெற்றவர் அல்லர். விசாரணையில் இருப்பவரைப் பார்க்க வருவோருக்குத் தகுந்த நேரத்தில், தகுந்த கட்டுப்பாடுகளுடன் வழி செய்து தர வேண்டும் என்று 1894-ஆம் ஆண்டின் சிறைகள் சட்டம் 40-ஆம் பிரிவே சொல்கிறது. தடுப்புக் காவலில் இருந்த ஒரு பெண்ணுக்கு மாதம் ஒருமுறைதான் நேர்காணல் என்று டில்லி நிர்வாகம் வைத்திருந்த விதியை உச்ச நீதிமன்றம் 1981-இல் பிரான்சிஸ் கோரலி முலின் வழக்கில் செல்லாதென்று ஒதுக்கியது. விசாரணைக் கைதிகளுக்கு இருப்பது போல வாரம் இருமுறை அவருக்கும் வேண்டும் என்றும், குடும்பத்தாரையும் நண்பர்களையும் சந்திப்பது உயிர் வாழும் உரிமையைச் சேர்ந்தது என்றும் அப்போது சொன்னது. உரிமையாகக் கிடைப்பதைச் சலுகையாக ஏன் கேட்க வேண்டும்? சிபாரிசில் போனால் இன்று ஒருமுறை பார்க்கலாம். அடுத்த முறைக்கு மீண்டும் அவர் வீட்டு வாசலில் நாம் நிற்க வேண்டும். முறையாகப் பெயரைப் பதிந்துவிட்டால் தங்கச்சி தனியாகவே போய் வரலாம்.

ஆச்சி, காலை 7:40
அம்மான், வரிசையில் நிற்பதற்கு ஆத்தாவே தயாராக இருக்கும்போது நமக்கென்ன கௌரவம்?

அண்ணமிண்டி (அண்ணன் மனைவி), காலை 8:12
அண்ணன் எழுதியதைப் படித்த பிறகு எனக்கும் தைரியம் வந்தது. மனுவில் என்னென்ன எழுத வேண்டும் என்று சொல்லுங்கள். அவர் மதுரை மத்திய சிறையில் இருக்கிறார் என்பதற்கு மேல் எனக்கு வேறொன்றும் தெரியாது.

தேவகோட்டை அத்தான், காலை 8:50
தங்கச்சி, மனு சிறைக் கண்காணிப்பாளருக்கு எழுதப்படுவது. அதில் உள்ளே இருப்பவர் யார் என்பதை ஐயத்துக்கு இடமில்லாமல் காட்ட வேண்டும். நம் பக்கத்தில் இதுதான் பெரிய சிக்கல். ஐயாவின் பெயரையே மூன்று பேரன்களுக்கும் வைத்திருக்கிறோம். பெரியவர் பெயரைச் சொல்லிக் கூப்பிடக் கூடாதென்று வீட்டில் வேறொரு பெயரால் அழைக்கிறோம். ஆகவே அவருடைய ஆதாரில் உள்ள பெயர், தந்தை பெயர், வயது, ஊர், வழக்குப் பதிவான காவல் நிலையம், குற்ற எண், காவலில் வைக்க உத்தரவிட்ட நீதிமன்றம், அந்தத் தேதி ஆகியவற்றை வழக்கறிஞரிடம் கேட்டு ஒரு தாளில் குறித்து வைத்துக்கொள்ளுங்கள். சிறையில் விசாரணைக் கைதிக்கென்று ஒரு எண் கொடுத்திருப்பார்கள். யூ.டி. நம்பர் என்று கேட்டால் வழக்கறிஞருக்கே புரியும். அது கையில் இருந்தால் பாதி வேலை முடிந்தது. பார்க்கப் போகிறவர்களின் ஆதார் நகலும் வேண்டும். அன்று அசலையும் எடுத்துப் போக வேண்டும்.

அதைவிட முக்கியமானது ஒன்று இருக்கிறது. நாம் போய் நின்றால் மட்டும் போதாது. தன்னைப் பார்க்க வரக்கூடியவர்கள் யார் யார் என்று மைத்துனரும் உள்ளே சொல்லியிருக்க வேண்டும். பார்க்க விருப்பமில்லை என்று கைதி சொல்லிவிட்டால் யார் வந்தாலும் திரும்ப வேண்டியதுதான். அவர் அப்படிச் சொல்லமாட்டார். ஆனால் சொல்லும்போது வீட்டில் கூப்பிடுகிற பெயர்களைச் சொல்லியிருப்பார் என்பதுதான் என் பயம்.

அண்ணமிண்டி, காலை 9:15
அண்ணன், தந்தை பெயர் என்று நீங்கள் எழுதியதும்தான் எனக்கு நெஞ்சு திக்கென்றது. அவர் சிறு வயதிலேயே பெரியப்பச்சி (பெரியப்பா) வீட்டுக்குச் சுவீகாரம் (தத்து) போனவர். ஆதார், பான் அட்டை எல்லாவற்றிலும் பெரியப்பச்சியின் பெயர்தான் தந்தை என்று இருக்கிறது. அயித்தையின் ஆதாரிலோ கணவர் பெயர் அப்பச்சியின் (அவரைப் பெற்ற தகப்பனாரின்) பெயர். இரண்டு அட்டைகளையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கிற ஒருவர், இந்த அம்மாள் எப்படி அவருக்குத் தாயாவார் என்று கேட்கமாட்டாரா?

நான், காலை 9:22
இது எனக்குத் தோன்றவே இல்லை, அத்தான். சந்திப்பை இணையத்தில் பதிவு செய்யலாம் என்று அரசின் இ-முலாகாத் பக்கத்தைத் திறந்து வைத்திருக்கிறேன். அதில் உறவுமுறை என்று ஒரு கட்டம் இருக்கிறது. அதை நிரப்பாமல் மேலே போகமுடியவில்லை. ஆத்தாவுக்கு என்னவென்று போடுவது?

தேவகோட்டை அத்தான், காலை 10:04
நியாயமான கேள்வி. 1956-ஆம் ஆண்டின் இந்து தத்தெடுப்பு மற்றும் ஜீவனாம்சச் சட்டத்தின் 12-ஆம் பிரிவின்படி, சுவீகாரம் போன நாளிலிருந்து பிறந்த குடும்பத்துடனான பந்தம் சட்டத்தின் கண்ணில் அறுந்து, போன குடும்பத்துப் பிள்ளையாகவே அவர் கருதப்படுவார். பிறந்த வீட்டிலிருந்து பெண் எடுக்கக் கூடாதென்ற விலக்கு தொடரும். எனவே தாய் என்று மட்டும் எழுதினால் காகிதமும் காகிதமும் மோதும். சித்தி என்று எழுதினால் காகிதம் பொருந்தும். பெரியப்பச்சிக்கு ஆத்தா தம்பி மனைவிதானே.

ஆச்சி, காலை 10:20
ஆத்தாவுக்கு இதைப் படித்துக் காட்டினேன். வேறு யாருக்கும் பதில் எழுதாதே என்று சொல்லிவிட்டு முற்றத்தில் போய் உட்கார்ந்துகொண்டார்கள். சற்று நேரம் கழித்து, சுவீகாரம் விட்ட அன்றைக்குக்கூட நான் அவனுக்குச் சித்தி ஆகவில்லை, இன்றைக்கா ஆகப்போகிறேன் என்று கேட்டார்கள். சித்தி என்று எழுதுவதானால் அவர்கள் வரமாட்டார்கள் போலிருக்கிறது.

கோனாபட்டு அம்மான், காலை 10:28
இதற்காகத்தான் நான் முதலிலேயே சொன்னேன். ஆனாலும் அக்கா சொல்வதில் நியாயம் இருக்கிறது. பெற்றவளைச் சித்தி என்று எழுத வேண்டாம்.

தேவகோட்டை அத்தான், காலை 11:10
எழுத வேண்டிய கட்டாயமும் இல்லை. சித்தி என்பது சுலபமான வழி என்பதற்காகச் சொன்னேனே தவிர, அது ஒன்றுதான் வழி என்று சொல்லவில்லை. உறவினர்களையும் நண்பர்களையும் சந்திக்கலாம் என்பதுதான் பொது விதி. தாய்மையை நிரூபித்தால்தான் உள்ளே விடுவோம் என்பதல்ல. அவர்கள் பார்ப்பது இரண்டு விஷயங்கள்: வந்திருப்பவர் அடையாள அட்டையில் உள்ளவர்தானா, அவரை உள்ளே இருப்பவர் அறிவாரா. ஆகவே கட்டத்தில் தாய் என்றே போடுங்கள், கூடவே ஒரு வெள்ளைத்தாளில், "நான் இவரைப் பெற்ற தாய், இவர் இன்னாருக்குச் சுவீகாரம் கொடுக்கப்பட்டதால் ஆவணங்களில் தந்தை பெயர் வேறாக உள்ளது" என்று எழுதி, ஆத்தாவின் கையெழுத்துடன், பதிவு செய்யப்பட்ட சுவீகாரப் பத்திரத்தின் நகலை இணைத்துவிடுங்கள். அந்தப் பத்திரத்தில் கொடுத்தவர், எடுத்தவர் இருதரப்பின் கையெழுத்தும் இருக்கும். பெரியப்பச்சி வீட்டு இரும்புப் பெட்டியில் நிச்சயம் இருக்க வேண்டும். அந்தக் காலத்தில் பத்திரத்தை எவ்வளவு பத்திரமாக வைத்தார்களோ, அவ்வளவு பத்திரமாகச் சாவியையும் வைத்திருந்தால் நல்லது.

இன்னொன்று. வழக்கறிஞர் ஜாமீன் மனு சம்பந்தமாக அவரைப் பார்க்க உள்ளே போவார். அப்போது ஆத்தாவின் பெயரை ஆதாரில் உள்ளபடி, ஓர் எழுத்துகூட மாறாமல், தாய் என்று சொல்லிப் பதியுமாறு மைத்துனரிடம் சொல்லச் சொல்லியிருக்கிறேன். நாம் எழுதுவதும் அவர் சொல்வதும் ஒன்றாக இருந்தால் யாரும் கேள்வி கேட்கப்போவதில்லை.

நான், மாலை 4:36
பதிவு முடிந்தது. மாநிலம், சிறையின் பெயர், அண்ணனின் பெயர், தந்தை பெயர், வயது, பிறகு பார்க்க வருகிறவரின் விவரம், அடையாள அட்டை எண், வரும் நாள் என்று கேட்டார்கள். சரிபார்ப்பு எண் அண்ணமிண்டியின் கைபேசிக்கு வந்தது. அண்ணமிண்டி உடனே அனுப்பினார்கள். இல்லாவிட்டால் நேரம் கடந்திருக்கும். ஆத்தாவின் பெயரை ஆங்கிலத்தில் அடிக்கும்போது ஆதாரில் ஒரு எழுத்து கூடுதலாக இருப்பதைக் கவனித்து, தவறென்று தெரிந்தே அதே தவறுடன் அடித்தேன். அரசு விடுமுறை இல்லாத நாளாகப் பார்த்து வரும் வியாழக்கிழமையைக் கேட்டிருக்கிறேன். அங்கிருந்து ஒப்புதல் வந்தால்தான் உறுதி.

அண்ணமிண்டி, மாலை 4:50
பத்திரம் கிடைத்துவிட்டது. சாவிதான் கிடைக்கவில்லை; ஆசாரியை அழைத்துப் பெட்டியைத் திறந்தோம். தாள் பழுப்பேறியிருந்தாலும் சார் பதிவாளர் முத்திரை தெளிவாகத் தெரிகிறது. நகல் எடுத்தாயிற்று.

ஆச்சி, மாலை 5:02
ஆத்தா இப்போதே மணகோலமும் சீப்புச்சீடையும் செய்யச் சொல்கிறார்கள். உள்ளே கொடுக்கலாமா?

தேவகோட்டை அத்தான், மாலை 5:30
வேண்டாம். வீட்டுப் பலகாரத்தைத் தூக்கிக்கொண்டு போனால் வாசலிலேயே திரும்ப வேண்டியிருக்கும். ஆத்தாவுக்கு அதுவே ஒரு வருத்தமாகிவிடும். அதற்குப் பதிலாக அவருடைய சிறைக் கணக்கில் பணம் கட்டிவிடலாம். அதிலிருந்து சிறைக் கேன்டீனில் அவர் வேண்டியதை வாங்கிக்கொள்வார். பணத்தை அதற்குரிய இடத்தில் கட்டி ரசீது வாங்குங்கள். நான் உள்ளே கொடுத்துவிடுகிறேன், சீக்கிரம் விடச் சொல்கிறேன் என்று வாசலில் யார் வந்து பேசினாலும் காதில் வாங்கவே வாங்காதீர்கள்.

சோதனை செய்வார்கள் என்பதை ஆத்தாவிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். சந்தேகம் இருந்தால் வருகிறவரைச் சோதிக்கச் சட்டத்தின் 41-ஆம் பிரிவு இடம் தருகிறது. ஆனால் அந்தச் சோதனையை எந்தக் கைதியின் முன்னிலையிலும், வந்திருக்கிற மற்றொருவர் முன்னிலையிலும் செய்யக் கூடாதென்றும் அதே பிரிவு சொல்கிறது. மறுத்தால் உள்ளே விடமாட்டார்கள். அதனால் சுருக்குப் பையில் பொடி டப்பா, மாத்திரை, சாவிக்கொத்து எதுவும் இல்லாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

பேசும்போது வழக்கைப் பற்றி ஒரு வார்த்தையும் வேண்டாம். யார் பணம் கொடுத்தார்கள், யார் வாங்கினார்கள் என்பதையெல்லாம் அங்கே கேட்காதீர்கள். அதிகாரிகள் பக்கத்தில் இருப்பார்கள். வழக்கறிஞருக்கு மட்டும் விசாரணைக் கைதியுடன் வேறு எவரும் இல்லாமல் பேச 40-ஆம் பிரிவு உரிமை தருகிறது. கேட்க வேண்டியதை அவர் கேட்டுக்கொள்வார். வீட்டு நலம், பிள்ளைகள் படிப்பு, அவருடைய உடம்பு ஆகியவற்றைப் பேசவே நேரம் போதாது.

அண்ணமிண்டி, மாலை 5:48
கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்று தொலைபேசியில் பேச வேண்டியிருக்கும் என்கிறார்களே. அயித்தைக்கு அது எப்படிக் காதில் விழும்?

தேவகோட்டை அத்தான், மாலை 6:05
அதனால்தான் நீங்கள் இருவர் மட்டும் போக வேண்டும் என்கிறேன். கருவியை நீங்கள் பிடித்துக்கொள்ளுங்கள். மைத்துனர் சொல்வதை ஆத்தாவின் காதருகில் நீங்கள் திருப்பிச் சொல்லுங்கள். ஆத்தா பேசும்போது கருவியை அவர்கள் வாயருகில் பிடியுங்கள். ஆத்தா உரக்கப் பேசுவார்கள், பரவாயில்லை, அங்கே எல்லோரும் உரக்கத்தான் பேசுவார்கள். சின்னவன், நீ பெங்களூரிலிருந்து வர வேண்டாம். ஒரு தடவைக்கு இரண்டு மூன்று பேருக்கு மேல் விடுவதில்லை. அடுத்த வாரத்துக்கு உன் பெயரைத் தனியாகப் பதிந்துகொள்.

கோனாபட்டு அம்மான், இரவு 8:15
நான் நேரில் வரவில்லை. அதற்காக அவனை மறந்துவிட்டேன் என்று நினைத்துவிடக் கூடாது. கடிதம் எழுதினால் அவன் கைக்குப் போகுமா?

தேவகோட்டை அத்தான், இரவு 8:22
தாராளமாகப் போகும், அம்மான். அதிகாரி படித்துப் பார்த்த பிறகுதான் கொடுப்பார்கள் என்பதை மட்டும் மனதில் வைத்து எழுதுங்கள். உறையின்மேல் அவருடைய ஆதார்ப் பெயரும் யூ.டி. எண்ணும் இருக்கட்டும்.

நான், மறுநாள் பகல் 12:10
ஒப்புதல் வந்துவிட்டது. வியாழக்கிழமைக்கே கிடைத்திருக்கிறது. பதிவு எண்ணுடன் வந்த தாளைப் படமாக இங்கே போட்டிருக்கிறேன். ஆத்தாவின் பெயர், உறவு தாய் என்று தெளிவாக இருக்கிறது.

ஆச்சி, பகல் 12:25
ஆத்தா கண்ணாடி போட்டுக்கொண்டு அந்த ஒரு சொல்லை மட்டும் பெரிதாக்கிப் பார்த்தார்கள். பிறகு, இரண்டு இட்லி எடுத்து வா என்றார்கள்.

தேவகோட்டை அத்தான், பகல் 12:40
அந்தத் தாளைக் கடையில் கொடுத்து இரண்டு நகல் அச்செடுத்துக்கொள்ளுங்கள். கைபேசியில் காட்டலாம் என்று இருக்க வேண்டாம், கைபேசி உள்ளே போகாது. திருப்பத்தூர், மேலூர் வழியாகக் காரில் போனால் ஆத்தாவுக்கு அலைச்சல் குறையும். புது ஜெயில் ரோட்டில் வண்டி நிறுத்த இடம் கிடைப்பது சிரமம். கரிமேட்டுப் பக்கம் எங்காவது நிறுத்திவிட்டு, இருவர் கைபேசியையும் டிரைவரிடம் கொடுத்துவிட்டுப் போங்கள். டிரைவரின் எண்ணை ஒரு துண்டுத்தாளில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள், தங்கச்சி. திரும்பி வந்து அவரைத் தேடிக்கொண்டு நிற்க வேண்டாம்.

அண்ணமிண்டி, பகல் 12:52
சரி, அண்ணன். வியாழக்கிழமை காலை ஐந்து மணிக்கெல்லாம் கிளம்பிவிடுகிறோம்.