எல்க் மந்தைக்குள் பனிவண்டி: ஜாக்சன் ஹோல் குளிர்கால அனுபவப் பகிர்வு

அமெரிக்காவின் வயோமிங் மாநிலத்தில், ஜாக்சன் ஹோல் பள்ளத்தாக்கிலுள்ள ஜாக்சன் ஊர் முடிகிற இடத்தில் தேசிய எல்க் புகலிடம் தொடங்கிவிடுகிறது. பரப்பு சுமார் 24,700 ஏக்கர். பனி விழ ஆரம்பித்ததும் தெற்கு யெல்லோஸ்டோன், கிராண்ட் டீட்டான் மலைப்பகுதிகளிலிருந்து எல்க் மான்கள் ஆயிரக்கணக்கில் இறங்கி வந்து இங்கே குளிர்காலத்தைக் கழிக்கும். டிசம்பர் நடுவிலிருந்து ஏப்ரல் தொடக்கம் வரை, இரண்டு குதிரை பூட்டிய சறுக்குவண்டியில் அந்த மந்தைக்கு நடுவிலேயே கூட்டிப் போகிறார்கள். போய் வந்தவர்கள் மான்கள் என்ன செய்தன, எது சரியாக வந்தது, எது சொதப்பியது என்று விவரமாக எழுதினால் அடுத்து போகிறவர்களுக்கு உதவும். தொடங்கி வைக்கிறேன்.

முதலில் புரிந்துகொள்ள வேண்டியது: அந்த மான்கள் வண்டிக்குப் பழகியவை, மனிதனுக்குப் பழகியவை அல்ல. 1909 தொடங்கி அடுத்தடுத்து வந்த கடும் குளிர்காலங்களில் இங்கே எல்க் மான்கள் பட்டினியால் கூட்டம் கூட்டமாகச் செத்தன. மேய்ச்சல் நிலமெல்லாம் பண்ணைகளாகிவிட்டிருந்தன. ஊர்க்காரர்கள் போட்ட வைக்கோலும், உள்ளூர்ப் பண்ணைக்காரர் ஸ்டீபன் லீக் எடுத்த புகைப்படங்களும் விஷயத்தை வாஷிங்டன் வரை கொண்டுபோயின. 1912இல் புகலிடம் உருவானது. அப்போதெல்லாம் தீவனம் வந்தது குதிரை வண்டியில்தான். வண்டியைக் கண்டால் ஓட வேண்டியதில்லை என்பது அந்த மந்தையின் பழக்கமாகிவிட்டது. குதிரை, வண்டி, உட்கார்ந்திருக்கும் ஆட்கள் எல்லாம் சேர்ந்து அதன் கண்ணுக்கு ஒரே உருவம். அதிலிருந்து ஒருவர் எழுந்து நின்றாலோ, கையை வெளியே நீட்டி ஆட்டினாலோ, உருவம் உடைந்து தனியாக ஒரு மனிதன் தெரிவான். உடனே பக்கத்தில் படுத்திருப்பது எழும், அதைப் பார்த்து அடுத்தது எழும். அரை நிமிடத்தில் நாற்பது ஐம்பது மான் நகர்ந்துவிடும். பனியில் ஓடச் செலவாகும் கொழுப்பை வசந்தம் வரைக்கும் அவற்றால் திரும்பச் சேர்க்க முடியாது. "உட்கார்ந்தே இருங்கள்" என்று ஓட்டுநர் திரும்பத் திரும்பச் சொல்வதன் காரணம் இதுதான்.

அமைதியாக இருக்கும் மான் படுத்தபடி அசைபோடும், கண் பாதி மூடியிருக்கும். தலையைத் தூக்கி இரண்டு காதையும் வண்டிப் பக்கம் திருப்பினால் யோசிக்கிறது என்று அர்த்தம். முகவாயை மேலே தூக்கி, காதைப் பின்னுக்கு மடித்து, பல்லை நறநறவென்று கடித்தால் எரிச்சலில் இருக்கிறது. இந்தச் சைகை பெரும்பாலும் பக்கத்து மானுக்குத்தான், நமக்கு இல்லை. ஆனால் அதற்கடுத்த நொடியில் சண்டை வரும், அதனால் கேமராவை அங்கே திருப்பி வைத்துக்கொள்ளுங்கள்.

*

மேலே சொன்னதோடு வண்டியைப் பற்றியும் கொஞ்சம். கிளம்பும்போதுதான் ஆட்கள் தடுமாறுகிறார்கள். சறுக்குச் சட்டம் ஓடும்போது உராய்வில் அதன் அடியில் பனி மெல்லியதாக உருகும். மானைப் பார்க்க ஐந்து நிமிடம் நிறுத்தினால் அந்த ஈரம் உறைந்து சட்டத்தைத் தரையோடு ஒட்டிவிடும். குதிரைகளை நேராக இழுக்கச் சொன்னால் வண்டி வராது. ஓட்டுநர் முதலில் இரண்டையும் ஒரு பக்கமாகத் திருப்பி இழுக்க வைப்பார். சட்டம் "படக்"கென்று விடும், பிறகுதான் நேர்ப்பாதை. அந்த "படக்"கில் வண்டி பக்கவாட்டில் ஒரு குலுக்கு குலுக்கும். ஓட்டுநர் கடிவாளத்தைக் கையில் சுருட்டுவதைப் பார்த்ததும் லென்ஸை மடியில் இறக்கி, ஒரு கையால் பலகையைப் பிடித்துக்கொள்ள வேண்டும். கண்ணில் வைத்த பைனாகுலர் புருவத்தில் இடிப்பது இந்த நேரத்தில்தான்.

பனி போதாத வாரங்களில் சறுக்குச் சட்டத்துக்குப் பதில் சக்கர வண்டி வரும். ஏமாற்றம் வேண்டாம், மான் அதே தூரத்தில்தான் நிற்கும். கீழே புல் மேடுகள் உறைந்து கிடப்பதால் இரண்டு வண்டியிலுமே குலுக்கல் உண்டு. முதுகுவலி உள்ளவர்கள் பதிவு செய்யும் முன்பே கேட்டுக்கொள்வது நல்லது.

ஓரத்து இருக்கை படத்துக்கு நல்லது, காற்றுக்குக் கெட்டது. சின்னப் பிள்ளைகளை நடுவில் வையுங்கள்.

*

குளிரைப் பற்றி நான். ஜாக்சன் சுமார் 1,900 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. இரவில் குளிர்ந்த காற்று பாரமாகி மலையிலிருந்து வழிந்து பள்ளத்தாக்கில் தேங்கிவிடும். அதனால் ஜனவரி காலையில் மைனஸ் 20 டிகிரி செல்சியஸைத் தொடுவது அதிசயமில்லை. மேலே மலைச்சரிவு அதைவிட வெதுவெதுப்பாக இருக்கும். சில நாள் அந்தத் தேக்கத்தோடு மூடுபனியும் சேர்ந்து பத்து மணி வரை எதுவும் தெரியாது. முதல் வண்டியில் போனால்தான் மான் தெரியும் என்று பலர் நினைக்கிறார்கள். இங்கே அது பொருந்தாது. மான் பகல் முழுக்க அங்கேதான் இருக்கும். பதினொரு மணிக்கு மேல் கிளம்பும் வண்டியில் வெளிச்சமும் நன்றாக இருக்கும், விரலும் வேலை செய்யும்.

நடக்கும்போது போதுமான உடுப்பு உட்கார்ந்திருக்கும்போது போதாது. அசையாமல் ஒரு மணி நேரம் என்று கணக்குப் போட்டு உடுத்துங்கள். உள்ளே கம்பளி அல்லது செயற்கை இழை, நடுவில் ஃபிளீஸ், அதன்மேல் இறகு அடைத்த ஜாக்கெட், வெளியே காற்றுப் புகாத உறை. உள்ளாடை வரை பருத்தி கூடாது. நிறுத்தத்திலிருந்து ஓடி வந்ததில் வேர்த்தால் பருத்தி அந்த ஈரத்தைப் பிடித்து வைத்துக்கொள்ளும், வண்டி ஏறிப் பத்து நிமிடத்தில் முதுகு சில்லிடும்.

முதலில் கைவிடுவது கால்தான். இரண்டு மூன்று சாக்ஸ் போட்டு ஷூவை இறுக்குவதே பெரிய தவறு. ரத்த ஓட்டம் குறைந்து விரல் மரத்துப் போகும். தடித்த கம்பளி சாக்ஸ் ஒன்று, ஒரு அளவு பெரிய பூட், உள்ளே விரலை மடக்கி நீட்ட இடம். சூடு தரும் சின்னப் பொட்டலங்களில் இருப்பது இரும்புத்தூள். காற்று பட்டால்தான் அது சூடாகும். இறுக்கமான ஷூவுக்குள் திணித்தால் அணைந்துபோகும். ஏறுவதற்குக் கால் மணி நேரம் முன்பே உறையைப் பிரித்து ஆட்டி, சூடேறியதும் உள்ளே வையுங்கள். வண்டியின் பலகைத் தளத்தில் காலுக்கடியில் போட ஒரு துண்டு யோகா பாய் கொண்டுபோனால் வித்தியாசம் தெரியும். கம்பளி போர்வை அவர்களே தருவார்கள். அதை மடிமேல் விரிப்பதோடு நிறுத்தாமல் தொடைக்கு அடியிலும் செருகிக்கொள்ளுங்கள்.

*

ஊரிலிருந்து வந்திருக்கும் அப்பா அம்மாவைக் கூட்டிப் போகிறவர்கள் கவனத்துக்கு. மங்கி குல்லா நல்லதுதான், ஆனால் பின்னல் வழியே காற்று புகும். அதன்மேல் ஜாக்கெட்டின் தொப்பியை இழுத்துவிடுங்கள். புடவைக்கு மேல் ஸ்வெட்டர் போதாது. பனி பேன்ட், பூட் இரண்டையும் வாடகைக்கு எடுத்துவிடலாம். இந்த உயரத்தில் முதல் நாள் சிலருக்குத் தலைவலி வரும், மூச்சு வாங்கும். வந்து இறங்கிய அன்றே வண்டிப் பயணம் வைக்காமல் மறுநாள் வையுங்கள், தண்ணீர் நிறையக் கொடுங்கள். "குளிரில் தாகம் எங்கே எடுக்கிறது" என்பார்கள். எடுக்காவிட்டாலும் குடிக்க வைக்க வேண்டும்.

*

எந்த மாதம் போகலாம் என்று எல்லோரும் கேட்கும் கேள்விக்கு என் பதில்: கிடாவைக் கொம்போடு பார்க்க வேண்டுமென்றால் மார்ச் பாதிக்கு முன்பே.

கிடா எல்க் சராசரி 700 பவுண்டு, அதாவது 300 கிலோவுக்கு மேல். கொம்பு ஆண்டுதோறும் உதிர்ந்து முளைப்பது. மார்ச், ஏப்ரலில் விழும்; வயதான பெரிய கிடாக்கள்தான் முதலில் உதிர்க்கும். மார்ச் கடைசியில் போனால் ஒரு பக்கம் மட்டும் கொம்போடு நிற்பவற்றைப் பார்க்கலாம். விழுந்த இடத்தில் நெற்றியில் வட்டமாக, தோல் உரிந்த முழங்கால் போலச் சிவந்த புண் இருக்கும். சில நாளில் அது மூடி, மேலே வெல்வெட் துணி போர்த்தியதுபோல் புதுக்கொம்பு தலைகாட்டும்.

கொம்பில்லாதவை சண்டை போடாது என்று நினைத்துவிட வேண்டாம். பெட்டைகளும், கொம்பு உதிர்ந்த கிடாக்களும் பின்னங்காலில் எழுந்து நின்று முன்னங்குளம்பால் ஒன்றையொன்று குத்தும். தீவன வரிசையில் இது அடிக்கடி நடக்கும். இரண்டு மூன்று நொடிதான், இரண்டும் இறங்கி ஒன்றும் நடக்காததுபோல் மேயும்.

தீவனம் போடுவது எல்லா வருடமும் ஒரே தேதியில் இல்லை. பனியின் ஆழம், அடியில் மிச்சமிருக்கும் புல் இரண்டையும் அளந்து முடிவு செய்வார்கள், வழக்கமாக ஜனவரி கடைசிவாக்கில். ஆழத்தைவிட மோசமானது, பனி கொஞ்சம் உருகி மறுபடி உறைவது. மேலே கண்ணாடி மாதிரி பொருக்கு கட்டிவிட்டால் குளம்பால் தோண்ட முடியாது. 1975 முதல் வைக்கோலுக்குப் பதில் ஆல்ஃபால்ஃபா (குதிரைமசால்) தீவனத்தைச் சின்ன உருளைகளாக்கி லாரியில் நீள வரிசையாகக் கொட்டிப் போகிறார்கள். தீவனக் காலத்தில் மந்தை நெருங்கி நிற்கும், படம் பிரமாதமாக வரும். ஆனால் அந்த நெருக்கம்தான் பெரிய கவலையும். மூளையைத் தின்னும் நாள்பட்ட மெலிவு நோய் 2020 டிசம்பரில் இந்த வட்டாரத்து எல்க் ஒன்றில் உறுதியானது. ஒரே வரிசையில் வாய் வைக்கும்போது எச்சில், சாணம் வழியாக அது பரவும். தீவனத்தைப் படிப்படியாகக் குறைக்க வேண்டும் என்ற வாதம் இதனால்தான் வலுக்கிறது, அது சரியென்றே நானும் நினைக்கிறேன். 2007 திட்டத்தில் வைத்த இலக்கு 5,000 எல்க், 500 காட்டெருமை. மான்கள் பல வருடம் அதைத் தாண்டியே இருந்திருக்கின்றன. வழிகாட்டியிடம் இதைக் கேளுங்கள், ஆர்வமாகப் பேசுவார்கள்.

கீழே கிடக்கும் கொம்பை எடுப்பது குற்றம். சாரணர் பையன்கள் வசந்தத்தில் பொறுக்கி, மே மாதம் ஊர்ச் சதுக்கத்தில் ஏலம் விடுவார்கள். வருமானத்தில் பெரும்பங்கு புகலிடத்துக்கே திரும்பி வரும்.

*

கேமரா: பனியைப் பார்த்ததும் கேமரா அதைச் சாம்பல் நிறமாக்கிவிடும், மானின் முகம் கரியாகும். எக்ஸ்போஷரை முக்கால் முதல் ஒரு ஸ்டாப் வரை ஏற்றுங்கள். வண்டி நின்றிருந்தாலும் குதிரை கால் மாற்றும்போது ஆடும், ஷட்டர் 1/500க்குக் கீழே வேண்டாம். 100–400 லென்ஸ் தாராளம். கிட்டத்தில் படுத்திருக்கும் மானுக்கு போனே போதும், ஆனால் ஐபோன் குளிரில் பட்டென்று அணைந்துவிடும். உள்சட்டைப் பையில் உடம்புச் சூட்டில் வையுங்கள். உபரி பேட்டரியும் அங்கேதான். திரும்பி ஓட்டலுக்குள் நுழையும் முன், வெளியில் நிற்கும்போதே கேமராவை ஜிப் பைக்குள் போட்டு மூடிவிடுங்கள். ஈரம் பைமேல் படியும், லென்ஸுக்குள் போகாது. ஒரு மணி நேரம் பொறுத்துப் பிரிக்கலாம். பைனாகுலர் 10 மடங்கைவிட 8 மடங்கே நல்லது, வண்டியில் நடுக்கம் குறையும்.

*

நாள் முழுக்கத் திட்டமிடுகிறவர்களுக்கு வரிசை மட்டும் சொல்கிறேன். விடியற்காலையில் வழிகாட்டியோடு வேனில் வடக்கே கிராண்ட் டீட்டான் தேசியப் பூங்காவுக்குப் போங்கள். பார்வைத் தொலைநோக்கி அவர்களிடம் இருக்கும். ஓநாய் தெரிந்தால் அந்த நேரத்தில்தான், அதுவும் தொலைவில். பிறகு கெல்லி ஊர், அண்டலோப் ஃப்ளாட்ஸ் சமவெளி பக்கம் மூஸ் (எல்க்கைவிடப் பெரிய மான் இனம்) தேடுங்கள். மூஸ் கிடா டிசம்பர், ஜனவரியிலேயே கொம்பை உதிர்த்துவிடுவதால் கிடாவா பெட்டையா என்று வழிகாட்டியிடம் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். மூஸ், எல்க் எதற்கும் 25 கெஜம், ஓநாய்க்கு 100 கெஜம் தள்ளி நிற்க வேண்டும் என்பது பூங்காவின் சட்டம். நடுப்பகலுக்கு வண்டிப் பயணம். அது முடிந்ததும் புகலிடச் சாலையில் மில்லர் பட் குன்றின் அடிவாரம். பிக்ஹார்ன் காட்டாடுகள் பாறையிலிருந்து சாலைக்கே இறங்கி வந்து, காரில் ஒட்டியிருக்கும் சாலை உப்பை நக்கும். கதவைத் திறக்காதீர்கள், கண்ணாடியையும் ஏற்றியே வையுங்கள். கையால் துரத்தவும் வேண்டாம். இன்ஜினை அணைத்துவிட்டுக் காத்திருந்தால் தானாக விலகும், அதன் பிறகு மெல்ல நகர்த்துங்கள். சக்கரத்துக்குப் பின்னால் குட்டி நிற்கிறதா என்று இரண்டு பக்கக் கண்ணாடியிலும் பார்த்துவிட்டு.