க்ளோண்டைக் தங்க வேட்டை: போய்ச் சேர்ந்தவர்களுக்கும் ஏன் பொன் கிடைக்கவில்லை?

குறிஞ்சி கேட்டது:

கனடாவின் யூக்கான் பகுதியில் 1896 முதல் 1899 வரை நடந்த க்ளோண்டைக் தங்க வேட்டையைப் பற்றிப் படித்துக்கொண்டிருக்கிறேன். சுமார் 1,00,000 பேர் கிளம்பினார்கள், 30,000 முதல் 40,000 பேர் டாசன் நகரம் போய்ச் சேர்ந்தார்கள், அவர்களில் 4,000 பேர் அளவில்தான் தங்கம் கண்டார்கள் என்று திரும்பத் திரும்ப வருகிறது. வழியில் விழுந்தவர்கள் கதை புரிகிறது. ஆனால் உயிரோடு போய்ச் சேர்ந்தவர்களும் ஏன் வெறுங்கையோடு நின்றார்கள்? ஆளுக்கு ஒரு டன் சாமான் என்ற விதி எதற்கு, அதை எப்படித் தூக்கினார்கள்? கல்லாக உறைந்த நிலத்தை எப்படித் தோண்டினார்கள்?

கணக்கப்பிள்ளை:

முதல் கேள்விக்குத் தேதிகளை வரிசையாக வைத்துப் பார்த்தாலே விடை வந்துவிடும்.

1896 ஆகஸ்ட் 16 அன்று ராபிட் ஓடையில் தங்கம் தெரிந்தது. அங்கே இருந்தவர்கள் டாகிஷ் இனத்தவரான ஸ்கூக்கம் ஜிம், டாசன் சார்லி, அவர்கள் வீட்டு மாப்பிள்ளை ஜார்ஜ் கார்மாக். கண்டுபிடிப்பு கார்மாக் பெயரில் பதிவானது. ஓடைக்குப் பொனான்சா என்று புதுப்பெயர். அக்கம்பக்க முகாம்களில் ஏற்கெனவே தங்கம் தேடிக்கொண்டிருந்தவர்கள் ஓடி வந்து, ஆகஸ்ட் முடிவதற்குள் அந்த ஓடை முழுவதையும் முளையடித்துப் பிடித்துவிட்டார்கள். அதைவிடப் பணக்கார ஓடையான எல்டொராடோவும் அந்தக் கையோடு போயிற்று.

அதற்குள் யூக்கான் ஆறு உறைந்துவிட்டது. செய்தி வெளியே வர அடுத்த கோடை ஆயிற்று. 1897 ஜூலை 17 அன்று போர்ட்லண்ட் என்ற நீராவிக் கப்பல் தங்கத்தோடு சியாட்டிலில் வந்து நின்ற பிறகுதான் வெளியுலகம் கிளம்பியது. அப்படிக் கிளம்பிப் போய்ச் சேர்ந்தவர்களில் பெரும்பாலோர் டாசனில் கால் வைத்தது 1898 ஜூனில். நல்ல நிலம் கைமாறி ஏறக்குறைய இரண்டு வருடம் ஆகியிருந்தது. நாளிதழ்கள் இந்த ஒரு கணக்கைச் சொல்லியிருந்தால் பாதிப் பேர் வீட்டிலேயே இருந்திருப்பார்கள் என்பது என் எண்ணம்.

உரிமை அளவையும் பாருங்கள். ஆளுக்கு ஓடை நெடுக 500 அடி; கண்டுபிடித்தவருக்கு மட்டும் இரண்டு பங்கு. அவசரத்தில் அடித்த முளைகளில் அளவு பிசகியதால், வில்லியம் ஓகில்வி என்ற அரசு நில அளவையாளர் சங்கிலி பிடித்து மறுபடி அளந்தார். உபரியாக நின்ற துண்டுகள் வேறு ஆட்களுக்குப் போயின. பொனான்சாவில் டிக் லோ எடுத்த துண்டு வெறும் 86 அடி. அதை விற்கப் பார்த்தார், வாங்க ஆள் இல்லை. பிறகு அவரே தோண்ட, 5 லட்சம் டாலர் அளவுக்குத் தங்கம் வந்தது. பிந்தி வந்தவர்களுக்கு எஞ்சியது பிறர் நிலத்தில் கூலி வேலை, அல்லது கிடைக்கும் தங்கத்தில் பங்கு பேசிக்கொள்ளும் குத்தகை.

சுமைதாங்கி:

ஒரு டன் விதி கொடுமைக்காகப் போட்டதில்லை. 1897 குளிர்காலத்தில் டாசனில் உணவு தீர்ந்து பஞ்சம் வரும் நிலை; கையிருப்பு இல்லாதவர்களை ஆற்றின் வழியே கீழே அனுப்ப வேண்டியிருந்தது. அதனால்தான் 1898 தொடக்கத்தில் கனடாவின் குதிரைப்படைப் போலீஸ், அலாஸ்காக் கடலோரத்திலிருந்து யூக்கானுக்கு ஏறும் மலைக் கணவாய்களின் உச்சியிலேயே சாவடி போட்டு, ஒரு வருடத்துச் சாப்பாடு காட்டாதவர்களைத் திருப்பி அனுப்பியது. சுங்கமும் அங்கேயே கட்ட வேண்டும்.

சாப்பாடு மட்டும் 500 கிலோவுக்கு மேல். மாவு 180 கிலோ, உப்பிட்ட பன்றி இறைச்சி 70 முதல் 90 கிலோ, பீன்ஸ் 45 கிலோ, பிறகு சர்க்கரை, உப்பு, உலர்பழம், தேயிலை, காபி. இதோடு கூடாரம், இரும்படுப்பு, கடப்பாறை, மண்வெட்டி, ரம்பம், ஆணி, படகின் இடுக்கில் பூசக் கீல் என்று சேர்ந்தால் மொத்தம் 900 கிலோ.

சில்கூட் கணவாயின் கடைசி ஏற்றத்தில் பனியை வெட்டி 1,500 படி அமைத்திருந்தார்கள். முதுகில் 27 கிலோ ஏற்றினால் 33 நடைக்கு மேல். ஏறுவது மெதுவாக, முன்னால் போகிறவரின் குதிகாலைப் பார்த்தபடி ஒற்றை வரிசையில். மூச்சு வாங்க ஒதுங்கினால் மறுபடி வரிசையில் நுழைய வெகுநேரம் ஆகும். கீழே வருவது மட்டும் சறுக்கியே. காசுள்ளவர்கள் டிலிங்கிட் பழங்குடிச் சுமையாளர்களை அமர்த்தினார்கள். அந்தப் பாதையே முன்பு அவர்களுடைய வணிகப் பாதை. 1898 ஏப்ரல் 3 அன்று பனிச்சரிவில் 60 பேருக்கு மேல் புதைந்தார்கள். பக்கத்து வொயிட் கணவாயில் குதிரை போகும் என்று நம்பிப் போனவர்கள் பாறையிலும் சேற்றிலும் சுமார் 3,000 குதிரைகளைச் சாகக் கொடுத்தார்கள்.

அப்புறம் கணவாய்க்கு அப்பால் பென்னட் ஏரிக்கரையில் மரம் அறுத்துப் படகு கட்ட வேண்டும். பச்சை மரம் காயும்போது பலகை இடைவெளி விட்டுவிடும். இடுக்கில் நார் திணித்துக் கீல் பூசாவிட்டால் ஏரியிலேயே தண்ணீர் ஏறும். மே 29 அன்று பனி உடைந்ததும் 7,000க்கு மேற்பட்ட படகுகள் டாசனை நோக்கிப் புறப்பட்டன. வழியில் வொயிட்ஹார்ஸ் சுழல்களில் 150 அளவில் உடைந்த பிறகு, சாம் ஸ்டீல் என்ற போலீஸ் அதிகாரி பெண்களும் குழந்தைகளும் அந்த 5 மைலைக் கரையோடு நடக்க வேண்டும், தேர்ந்த ஓட்டி இல்லாமல் படகு இறங்கக் கூடாது, மீறினால் 100 டாலர் அபராதம் என்று உத்தரவு போட்டார்.

வண்டல்:

தோண்டுவது பற்றி. தங்கம் மேல்மண்ணில் இல்லை. 3 முதல் 10 மீட்டர் ஆழத்தில், அடிப்பாறையை ஒட்டிய சரளையில் இருந்தது. தங்கம் தண்ணீரைப் போல 19.3 மடங்கு கனம், சாதாரண மணல் 2.65 மடங்குதான், அதனால் தங்கம் இடுக்குகளில் இறங்கித் தங்கிவிடும்.

மாலையில் குழியில் விறகை அடுக்கிக் கொளுத்துவார்கள். விடிந்ததும் சாம்பலையும் இளகிய சேற்றையும் அள்ளினால் ஒரு அடி ஆழம் கிடைக்கும். 6 மீட்டருக்கு ஏறக்குறைய 20 தீ. புகை அடங்குமுன் இறங்கியவர்கள் மயங்கி விழுந்தார்கள். பாறை தொட்டதும் பக்கவாட்டில் சுரங்கம் போட்டு, தங்கம் ஓடும் கீற்றைத் தேட வேண்டும். கீற்று ஒடுக்கம், சில அடி தள்ளிக் குழி போட்டால் ஒரு குளிர்கால உழைப்பே வீண். அதனால் ராட்டினத்தில் ஏறிவரும் வாளியில் அவ்வப்போது ஒரு தட்டு மண்ணைக் குடிசைக்குக் கொண்டுபோய், பனியை உருக்கிய நீரில் அரித்துப் பார்ப்பார்கள்.

மேலே குவித்த மண் மறுபடி உறைந்துவிடும். வசந்தத்தில் தண்ணீர் ஓடும்போதுதான் அலச முடியும். நம் வீட்டு அரிக்கஞ்சட்டியின் உள்வரிகளில் அரிசிக் கல் தங்குவது போல, 12 அடி மரப்பெட்டிகளைக் கோத்து, அடியில் குறுக்குச் சட்டம் அடித்திருப்பார்கள். தங்கம் சட்டத்துக்குப் பின்னால் நிற்கும். பெட்டிக்கு ஒரு சாண் சரிவு. கூடினால் பொடித்தங்கம் நீரோடு போய்விடும். குறைந்தால் சட்டங்களுக்கு இடையில் மணல் இறுகி, தங்கம் அதன்மேல் உருண்டு ஓடிவிடும்.

குறிஞ்சி:

நன்றி. கோடையில் தோண்டியிருந்தால் விறகு மிச்சம்தானே?

வண்டல்:

கோடையில் மேல்மண் இளகி நீர் குழிக்குள் இறங்கும், சுவர் சரியும். குளிரில் சுவர் பாறை போல நிற்கும், முட்டுக் கொடுக்கும் மரமே அதிகம் வேண்டாம். பிறகு நீராவிக் குழாயை மண்ணில் அடித்து இளக்கும் முறை வந்தது. ஆனால் கொதிகலனுக்கும் விறகு வேண்டும். ஓடைக்கரைக் காடுகள் மொட்டையானது இப்படித்தான்.

கணக்கப்பிள்ளை:

பிந்தி வந்தவர்களில் சிலர் ஜெயித்த இடம் ஒன்று உண்டு: குன்றுச் சரிவுகள். பழைய அனுபவசாலிகள் ஓடைப்படுகையை விட்டு மேலே பார்க்கவில்லை. அங்கே பழங்கால ஆற்றுச் சரளை வெளுத்துக் கிடந்தது, தங்கத்தோடு. எஞ்சியவர்களில் பலர் 1899 ஆகஸ்டில் அலாஸ்காவின் நோம் கடற்கரையில் பொன்மணல் என்று கேட்டதும் கிளம்பிவிட்டார்கள். ஒரே வாரத்தில் டாசனை விட்டுப் போனவர்கள் 8,000 பேர் என்பார்கள்.

இதில் யாரும் கேட்காத ஒரு பக்கம்: டாசன் எழுந்தது, அந்தப் பகுதியின் பூர்வகுடிகளான ஹான் மக்கள் சால்மன் மீன் பிடித்துவந்த இடத்தை ஒட்டி; க்ளோண்டைக் ஆறு யூக்கான் ஆற்றில் கலக்கும் முகம் அது. கூட்டம் பெருகியதும் தலைவர் ஐசக் தம் மக்களை ஆற்றின் கீழ்ப்புறம் மூஸ்ஹைடு என்ற இடத்துக்கு அழைத்துப் போனார். படிக்கிற நூலில் அந்த ஊர்ப்பெயர் வருகிறதா என்று பாருங்கள்.