மார்கழிக் குளியலுக்கு மூவாயிரம் ரூபாய் கரண்ட் பில். கெய்சரைக் கழற்றிவிடலாமா?

ஆதம்பாக்கத்தான்:

சென்னையில் கெய்சர் எதற்கு என்று சிரிக்கிறவர்கள் முதலில் சிரித்து முடித்துவிடுங்கள். போன அக்டோபரில் அம்மாவின் மூட்டுவலிக்காக 15 லிட்டர் கெய்சர் மாட்டினேன். அம்மா நாலே நாள் குளித்துவிட்டு, "இந்தத் தண்ணியில முடி கொட்டுது" என்று பழையபடி பச்சைத் தண்ணீருக்கே போய்விட்டார். நானும் மனைவியும் இரண்டு பசங்களும்தான் அதை விடமாட்டேன் என்கிறோம். காலை ஐந்தரைக்குப் போட்ட சுவிட்ச், கடைசி ஆள் குளித்து முடிக்கிறவரை அணைவதில்லை.

போன வருஷம் இதே நவம்பர், டிசம்பருக்கு 480 யூனிட். இந்த முறை 610. பணமோ ஆயிரத்து எழுநூறு சொச்சத்திலிருந்து மூவாயிரத்துக்கு வந்து நிற்கிறது. 130 யூனிட்டுக்கா இவ்வளவு? பேசாமல் வாளித் தண்ணீரில் போட்டுச் சூடாக்கும் ராடுக்கோ கேஸ் அடுப்புக்கோ மாறிவிடலாமா?

முகப்பேர் வயர்மேன்:

சார், அடி விழுந்தது இரண்டு மாதக் கணக்கு 500 யூனிட்டைத் தாண்டியதில். அதற்குள் இருந்தால் 101-லிருந்து 200 வரை மலிவு விலை. தாண்டியதும் அந்தச் சலுகை போச்சு, மேற்கொண்டு வரும் ஒவ்வொரு யூனிட்டும் எட்டு ரூபாய்க்கு மேல்.

15 லிட்டரை 25 டிகிரியிலிருந்து 60-க்குக் கொண்டுபோக 0.6 யூனிட் பிடிக்கும். 2000 வாட் கெய்சருக்கு அது 18 நிமிட வேலை. நாலு பேருக்குத் தினமும் இரண்டு யூனிட்டுக்கு மேல். உங்கள் 130 எங்கிருந்து வந்தது என்று தெரிகிறதா? ஒரு வாளி வெதுவெதுப்புக்கு இதில் பாதிதான் தேவை. தெர்மோஸ்டாட்டை இறக்குங்கள், சூடானதும் அணையுங்கள்.

ராடும் அதே கரண்ட்டைத்தான் குடிக்கும். பசங்க இருக்கிற வீட்டில் அதை நான் மாட்டித் தரமாட்டேன்.

எண்ணூர்க்காரி:

பில்லை மட்டும் பேசுகிறீர்கள். காற்றாலை நம் ஊரில் நன்றாகச் சுற்றுவது மே முதல் செப்டம்பர் வரை. மார்கழி விடியலில் வெயிலும் கிடையாது. உங்கள் ஐந்தரை மணி வெந்நீருக்குப் பெரும்பாலும் நிலக்கரிதான் எரியும், யூனிட்டுக்குக் கிட்டத்தட்ட ஒரு கிலோ கரியமில வாயு. அந்த நிலக்கரி வெப்பத்தில் மூன்றில் ஒரு பங்குதான் மின்சாரமாகிறது. அதைத் திரும்பவும் வெப்பமாக்கிக் குளிக்கிறோம். சாம்பல் மட்டும் அனல்மின் நிலையம் இருக்கிற எங்கள் பக்கம் தங்கிவிடுகிறது. துணி காயப்போட்டால் துடைத்துவிட்டு மடிக்கிறோம்.

புகைக் கணக்கில் கேஸ் அடுப்பே மேல், பாதிக்கும் குறைவு.

வயர்மேன்:

அக்கா சொல்வது சரி. ஆனால் செலவு பெரிதாகக் குறையாது. சிலிண்டரும் மலிவில்லை, அடுப்புச் சூட்டில் ஒரு பகுதி பாத்திரத்துக்கு வெளியே போகிறது. கொதிக்கிற அண்டாவை அடுப்படியிலிருந்து குளியலறைக்கு யார் தூக்குவது? அதற்காகக் குளியலறைக்குள் கேஸ் கெய்சர் வேண்டவே வேண்டாம். காற்று போக வழியில்லாவிட்டால் அந்தப் புகை ஆளைக் கொல்லும்.

கெய்சர் இல்லாமலே 480 ஓடுகிறது, 500-க்குள் நிற்க இரண்டு மாதத்துக்கு உங்களுக்கு 20 யூனிட்தான் இடமிருக்கிறது. அதை யாருக்கு என்று முடிவு செய்யுங்கள். மொட்டை மாடித் தொட்டித் தண்ணீர் சாயங்காலம் நாலு மணிக்கு எப்படி இருக்கிறது என்று கை வைத்துப் பாருங்களேன்.

ஆதம்பாக்கத்தான்:

பார்த்தேன். மழை விட்டு வெயில் அடித்த நாளில் வெதுவெதுப்பாகவே இருக்கிறது. பசங்க இனி பள்ளிக்கூடம் விட்டு வந்து குளிப்பார்கள் என்று தீர்ப்பு சொல்லியாயிற்று. பெரியவன் முறைக்கிறான். காலைக் குளியலுக்கு மிஞ்சிய அந்த 20 யூனிட்டுக்கு நானும் மனைவியும் சீட்டுக் குலுக்க வேண்டும். அம்மாவிடம் சொன்னேன், "நாப்பது வருஷமா அந்தத் தொட்டித் தண்ணியிலதான்டா குளிக்கிறேன்" என்கிறார்.