ஹைடனை மாற்றியது லண்டனா?

பழையதட்டு:
ஆஸ்திரிய இசையமைப்பாளர் ஹைடனின் கடைசி 12 சிம்பொனிகளை (முழு இசைக்குழுவுக்கான பல பகுதி இசைப்படைப்புகளை) ‘லண்டன் சிம்பொனிகள்’ என்கிறோம். அதற்காக லண்டன்தான் அவற்றை உருவாக்கியது என்று அடித்துச் சொல்வது எனக்கு ஒப்பவில்லை. 1791 ஜனவரியில் அங்கே போய் இறங்கியபோது மனிதருக்கு 58 வயது. 90 சிம்பொனிகளுக்கு மேல் எழுதி முடித்திருந்தார். அந்த வயதில் ஒரு ஊர் என்ன பெரிதாகக் கற்றுக்கொடுத்துவிடும்?

வயலின்பிரியன்:
அதற்கு முன் ஏறக்குறைய 30 வருடம் எஸ்டர்ஹாசி பிரபு வீட்டுச் சம்பளக்காரர். பிரபு தலையாட்டினால் போதும். லண்டனில் வந்து உட்கார்ந்தவர்கள் காசு கொடுத்தவர்கள். போதாததற்கு 1792இல் எதிர்க் கச்சேரிக்காரர்கள் ஹைடனின் மாணவர் பிளேயலையே கூட்டிவந்து போட்டிக்கு நிறுத்தினார்கள். அந்த வருடம் அரங்கேறிய ‘சர்ப்ரைஸ்’ சிம்பொனியின் (எண் 94) இரண்டாம் பகுதியைக் கேளுங்கள். மெட்டு மெல்லிய சத்தத்தில் ஒருமுறை, இன்னும் மெல்லிய சத்தத்தில் இன்னொருமுறை, அப்புறம் டிம்பனி முரசோடு மொத்தக் குழுவும் ஒரே அடி! அவர் முதலில் எழுதிய பிரதியில் அந்த அடியே கிடையாது. பிறகு சேர்த்ததுதான்.

பழையதட்டு:
அது ஒரு வேடிக்கை, சார். பாரிஸ் சிம்பொனிகள் ஆறையும் (82–87) பாரிஸில் கால் வைக்காமலே எழுதினாரே? அங்கே பெரிய இசைக்குழு இருக்கிறது என்று தெரிந்ததே போதுமாக இருந்தது. ‘மிலிட்டரி’ சிம்பொனியின் (எண் 100) இரண்டாம் பகுதிகூட லண்டன் சரக்கு இல்லை. நேப்பிள்ஸ் ராஜாவுக்கு முன்பே எழுதிக் கொடுத்த கன்செர்ட்டோவிலிருந்து (தனி வாத்தியத்தை முன்னிறுத்தும் படைப்பிலிருந்து) எடுத்தது.

வயலின்பிரியன்:
மெட்டு பழசுதான். பெரிய முரசு, ஜால்ரா, முடியும் நேரத்தில் திடீரென்று ஊதும் ட்ரம்பெட் எல்லாம் 1794இல் சேர்ந்தவை. பிரிட்டன் பிரான்ஸோடு போரில் இருந்த நேரம் அது. அந்தச் சத்தம் என்னவென்று அரங்கில் யாருக்கும் விளக்க வேண்டியிருக்காது.

ஆல்டோகுரல்:
இரண்டு பேரும் சிம்பொனியிலேயே நிற்கிறீர்கள். 1791இல் லண்டன் வெஸ்ட்மின்ஸ்டர் அபே தேவாலயத்தில், முந்தைய தலைமுறை இசையமைப்பாளர் ஹாண்டலுக்கு விழா. பாடகர்களும் வாத்தியக்காரர்களுமாக ஆயிரம் பேருக்கு மேல். ஹைடன் அதை நேரில் கேட்டார். 1795இல் ஊர் திரும்பும்போது, அவரை லண்டனுக்கு அழைத்துவந்த சாலமன் கொடுத்த ஆங்கில உரைதான் 1798இல் வியன்னாவில் ‘படைப்பு’ என்ற ஒரட்டோரியோ ஆனது; உலகம் உருவான பைபிள் கதையைத் தனிப்பாடகர்களும் கோரஸும் இசைக்குழுவோடு பாடும் பெரிய படைப்பு அது.

பழையதட்டு:
ஒரட்டோரியோ அவருக்குப் புதிதா? பைபிள் வழி வந்த தோபியா கதையை 1775லேயே ஒரட்டோரியோவாகச் செய்துவிட்டார். 1784இல் அதில் இரண்டு கோரஸ் வேறு சேர்த்தார்.

ஆல்டோகுரல்:
தோபியாவில் தனிப்பாடகர்களின் நீண்ட ஆரியாக்கள் (தனிப்பாடல்கள்)தான் அதிகம். ‘படைப்பு’ தொடக்கத்தில் கோரஸ் முணுமுணுத்துக்கொண்டே வந்து, ‘ஒளி’ என்றதும் மொத்தக் குழுவும் சி மேஜரில் வெடிக்கிறதே, அது தோபியாவில் எங்கே இருக்கிறது?

பழையதட்டு:
சரி, ‘படைப்பு’ வரைக்கும் லண்டனுக்கு எழுதித் தருகிறேன். 100இன் அந்த மெட்டு மட்டும் நேப்பிள்ஸுக்குத்தான்.