ரஷ்யா பட்டாளத்துல ஜூனியர அடிக்கறது நம்ம ஹாஸ்டல் ராகிங் மாதிரிதானா?

கொழிஞ்சாம்பாறை பையன்:
அண்ணா ஒரு டவுட்டுங்க. எங்க சித்தி பையன் ரஷ்யால எம்பிபிஎஸ் படிக்கறான், அவன் ஃப்ரெண்டு ஒரு ரஷ்யாக்காரன், அவங்கப்பா சோவியத் காலத்துல கட்டாய சர்வீஸ் போனவராம், சீனியர் துணிய தொவைக்கணும் சோத்த குடுத்தரணும் ராத்திரி தூங்க விடமாட்டாங்க, மூஞ்சி காட்டுனா அடி. இது ராகிங் தானுங்களே, ஏன் ஒருத்தனும் கம்ப்ளெயிண்ட் பண்ணல?

வேலந்தாவளம் பட்டாளத்தான்:
அதுக்கு தெதோவ்ஷினான்னு பேரே இருக்கு தம்பி, தெத்னா தாத்தா. 1967ல தரைப்படை சர்வீஸ 3 வருசத்துலருந்து 2 ஆக்குனாங்க, வருசத்துக்கு ரெண்டு தடவ ஆள் எடுப்பாங்க, அப்ப ஒரே பாரக்ல ஆறாறு மாச வித்தியாசத்துல நாலு செட்டு கெடக்கும். புதுசா வந்தவன் 'ஆவி', மனுசக் கணக்குலயே இல்ல. கடைசி செட்டுதான் தாத்தா. இன்னிக்கு வாங்கறவன் ஒன்றரை வருசம் கழிச்சு தாத்தா ஆயிருவான்ல, அதுவே பாதி பேர் வாய அடைச்சிரும். நம்ம ஹவில்தார் மாதிரி கூடவே கெடந்து பசங்கள மேய்க்கற ஆளு அங்க கம்மி, தாத்தாங்க பாத்துக்குவாங்கன்னு ஆபீசர் வீட்டுக்கு போயிருவாரு.

கள்ளுத்தோப்பு:
ராகிங்னு சொல்லாதீங்கப்பா. புடிக்கலைன்னா நீ பஸ் ஏறி அம்மாகிட்ட வந்தர்ற, அங்க ஓடுனா ஜெயிலு. பேப்பர்லயும் ஒரு வரி வராது. கோர்பச்சேவ் சோவியத் தலைவரா வந்தப்புறம்தான் வெளிய பேசுனாங்க, 1989ல சிப்பாய்களோட அம்மாமாருங்க சேந்து கமிட்டியே போட்டாங்க.

சித்தூர் பெருசு:
ரஷ்யா வரைக்கும் எதுக்கு போறீங்க. எமர்ஜென்சில, 1976ல, கோழிக்கோடு இன்ஜினியரிங் காலேஜ் பையன் ராஜன போலீஸ் கூட்டிட்டு போச்சு, கக்கயம் கேம்ப்ல உலக்கைய தொடை மேல வச்சு உருட்டுனாங்க, உடம்பு கூட கெடைக்கல. அவங்கப்பா ஈச்சர வாரியர் எத்தனை படி ஏறி எறங்குனாரு! எமர்ஜென்சி போய் 1977லதான் ஹைகோர்ட்டுல கேசு நின்னுச்சு, அதனாலயே கருணாகரன் கேரளா முதல்வர் ஆன ஒரே மாசத்துல பதவிய விட்டு எறங்குனாரு. அதுக்கு முன்னாடி போயிருந்தா யாரு கேட்டிருப்பா?

கொழிஞ்சாம்பாறை பையன்:
இப்பவும் ரஷ்யா பட்டாளத்துல இது இருக்குதுங்களா?

வேலந்தாவளம் பட்டாளத்தான்:
2008ல சர்வீஸ ஒரு வருசமாக்குனாங்க, சீனியர் செட்டே சுருங்கிருச்சு, ஆனா முழுசா ஒழியல.

கொழிஞ்சாம்பாறை பையன்:
தாங்க்ஸ்ணா. நீங்க சொன்ன தாத்தா கணக்க தம்பிகிட்ட சொன்னேன், அவன் போய் அந்த ஃப்ரெண்டுகிட்ட கேட்டிருக்கான், அப்ப உங்கப்பா கடைசி ஆறு மாசம் என்ன பண்ணாருன்னு. அத மட்டும் அவரு சொன்னதே இல்லையாம்.