விண்ணிலிருந்து எடுத்த பூமிப் படம் உண்மையில் எதை மாற்றியது?

வானோக்கி கேட்டது:
1968 டிசம்பர் 24 அன்று, நிலவைச் சுற்றிக்கொண்டிருந்த அப்பல்லோ 8 கலத்திலிருந்து வில்லியம் ஆண்டர்ஸ் எடுத்த வண்ணப் படத்தில், நிலவின் விளிம்புக்கு மேலே பூமி எழுந்து நிற்கிறது. சுற்றுச்சூழல் இயக்கத்துக்கு வித்திட்டதே அந்தப் படம்தான் என்று பல கட்டுரைகளில் படிக்கிறேன். ஒரு படத்தால் மனிதர் பூமியோடு கொண்ட உறவு மாறிவிடுமா, அல்லது இது பின்னாளில் கட்டிய கதையா?

கரிசல்:
முழுக்கக் கதை என்று தள்ளிவிட முடியாது. ஆனால் நிகழ்வுகளின் வரிசையைப் பாருங்கள். 1970 ஏப்ரல் 22 அன்று நடந்த முதல் புவி நாளுக்கு அழைப்பு விடுத்த அமெரிக்க செனட்டர் கேலார்ட் நெல்சனைத் தூண்டியது, 1969 ஜனவரியில் கலிபோர்னியாவின் சான்டா பார்பரா கடலில் ஏற்பட்ட எண்ணெய்க் கசிவு. எண்ணெய் அப்பிய பறவைகள் கரையில் செத்து ஒதுங்கியதைக் கண்டுதான் மக்களுக்குச் சினம் வந்தது. அந்தச் சினத்தை ஓர் ஊரின் வழக்காக நிறுத்திவிடாமல் உலகின் வழக்காகப் பேசுவதற்குப் படம் துணைநின்றது என்பது என் கணிப்பு.

அளவுகோல்:
நான் படத்தைவிட அளவீட்டையே பெரிதாக நினைக்கிறேன். அண்டார்டிகாவின் மேல் ஓசோன் மெலிந்துவருவதை 1985-இல் அறிவித்தவர்கள், அங்குள்ள ஹாலி ஆய்வு நிலையத்தில் தரையிலிருந்தே ஆண்டுக்கணக்காக அளந்துவந்த பிரிட்டிஷ் ஆய்வாளர்கள். நிம்பஸ் 7 செயற்கைக்கோளின் தரவு அதை உறுதிசெய்ததோடு, பாதிப்பு ஒரு கண்டத்தின் பரப்புக்கு விரிந்திருப்பதையும் வரைபடமாகக் காட்டியது. ஓசோனைச் சிதைக்கும் வேதிப்பொருட்களைக் கட்டுப்படுத்தும் மான்ட்ரியல் உடன்படிக்கை 1987-இல் கையெழுத்தானது. அதேபோல, 1972-இல் தொடங்கிய லேண்ட்சாட் வரிசைச் செயற்கைக்கோள்கள் ஒரே இடத்தைத் திரும்பத் திரும்பப் படமெடுத்துவருவதால்தான், அமேசானில் ஆண்டுதோறும் எவ்வளவு காடு அழிந்தது என்று பிரேசிலின் விண்வெளி ஆய்வு நிறுவனத்தால் 1988 முதல் கணக்குக் காட்ட முடிகிறது. தனியொரு படம், எவ்வளவு அழகானதாயினும், இந்த வேலையைச் செய்யாது.

எல்லைவாசி:
மேலிருந்து பார்த்தால் நாட்டெல்லைகள் தெரிவதில்லை என்று விண்வெளி வீரர்கள் சொல்வது பகலில் பெரும்பாலும் உண்மை. இரவிலோ, விளக்குகள் பொருத்திய இந்திய–பாகிஸ்தான் எல்லை, சுமார் 400 கி.மீ. உயரத்தில் சுற்றும் பன்னாட்டு விண்வெளி நிலையத்திலிருந்து செம்மஞ்சள் கோடாகத் தெளிவாகத் தெரிகிறது. ‘மனிதகுலம் பூமியைக் கெடுத்தது’ என்ற பேச்சிலும் எனக்கு இதே ஐயம்தான்: நிலக்கரியை எரித்துச் செழித்தவரும், கடல்மட்டம் உயர்ந்து நிலத்தை இழப்பவரும் அந்த ஒற்றைச் சொல்லுக்குள் ஒன்றாகிவிடுகிறார்கள்.

அளவுகோல்:
அந்த வேறுபாட்டைப் பிரித்துக் காட்டும் கருவிகளும் இப்போது வந்துவிட்டன, நண்பரே. 2017-இல் ஏவப்பட்ட ஐரோப்பாவின் சென்டினல் 5பி செயற்கைக்கோள், எண்ணெய், எரிவாயு வயல்களிலிருந்து பெருமளவில் கசியும், புவியைச் சூடாக்கும் வாயுவான மீத்தேனைக் கண்டுபிடிக்கிறது. அதைவிடக் கூர்மையான படமெடுக்கும் பிற செயற்கைக்கோள்களையும் சேர்த்துப் பார்த்தால், எந்தக் கிணற்றிலிருந்து கசிகிறது என்பது வரைகூடச் சொல்லிவிடலாம்.